‘ஜெய் பீம்’ இந்தியில் பேசும்போது

மொழிமாற்றுப் படங்களை நம்மவர் திறனாய்வுக்கு உரியனவாக எண்ணுவதில்லை. குரல் மாறிற்று, கதை மாறவில்லை, பிறகு பேச என்ன இருக்கிறது என்று விட்டுவிடுகிறோம். நூலாக இருந்தால் இவ்வாறு விடுவோமா? வடமொழி நாடகம் ஒன்றோ ஆங்கில நெடுங்கதை ஒன்றோ தமிழில் வந்தால், மூலத்தையும் பெயர்ப்பையும் அருகருகே வைத்துக்கொண்டு, இங்கே சொல் வழுவிற்று, அங்கே பொருள் சிறந்தது என்று பக்கம் பக்கமாக எழுதுவோம். தொல்காப்பியர் மரபியலில் வழிநூலின் வகைகளைச் சொல்லும்போது தொகுத்தல், விரித்தல் ஆகியவற்றோடு மொழிபெயர்ப்பையும் ஒரு வகையாக வைத்தார். வழிநூல் என்றால் முதல்நூலோடு ஒத்துப் பார்க்கத் தக்கது என்பதுதானே பொருள்? மக்களில் பெரும்பாலோர் இன்று கதை அறிவது திரைப்படத்தின் வாயிலாகவே. அந்தப் படம் மொழி மாறும்போது மட்டும் கண்ணை மூடிக்கொள்வது முறையாகாது.

ஒத்துப் பார்ப்பதற்கு இப்போது வாய்ப்பும் எளிதாக வந்திருக்கிறது. தமிழ்ப் படம் ஒன்றின் இந்தி வடிவத்தைப் பினாங்கில் இருப்பவர் முன்பெல்லாம் தேடிச் சென்று பார்ப்பது அரிது. ‘ஜெய் பீம்’ 2021 நவம்பர் 2ஆம் நாள் அமேசான் பிரைம் வீடியோ வழியாக வெளிவந்தது. திரையரங்கு ஏறாமல் நேரே வீட்டுக்கு வந்த படம் அது. தமிழிலும் தெலுங்கிலும் இந்தியிலும் பிற மொழிகளிலும் அது பேசியது. ஒரே காட்சியை முதலில் தமிழில் கேட்டு, உடனே இந்தியில் கேட்பது இன்று பள்ளி மாணவனுக்கும் இயலும். கேட்டவர்கள் ஓரிடத்தில் திடுக்கிட்டார்கள். அந்த ஓரிடத்தைப் பற்றியதே இக்கட்டுரை. அதற்குள் நுழையுமுன் படத்தின் கதையைச் சிறிது சொல்ல வேண்டும்.

த. செ. ஞானவேல் இயக்கிய இப்படம் 1995இல் நடப்பதாக அமைந்தது. இன்றைய கடலூர் மாவட்டத்து முதனை என்னும் சிற்றூரில் 1993இல் நிகழ்ந்து, சென்னை உயர் நீதிமன்றம் வரை வந்த ஓர் உண்மை வழக்கே அதற்கு அடிப்படை. அன்று அவ்வழக்கில் வாதாடிய கே. சந்துரு பின்னாளில் அதே நீதிமன்றத்தின் நீதிபதியானார். படத்தில் சூர்யா அப்பெயரோடேயே வருகிறார். உண்மை வழக்கில் பாதிக்கப்பட்டவர்கள் குறவர் சமூகத்தார். படம் அவர்களை இருளராகக் காட்டுகிறது. இந்த மாற்றத்தைப் பற்றிப் பலர் குறை சொன்னார்கள். அது தனியே ஆராய வேண்டிய பொருள்.

பாம்பு பிடிப்பதற்காக ஒரு செல்வர் வீட்டுக்கு அழைக்கப்படுகிறான் ராசாக்கண்ணு. பின்னர் அவ்வீட்டில் நகை காணாமற் போகிறது. வந்து போன ஏழை மீது பழி விழுகிறது. அவனும் உறவினர் இருவரும் காவல் நிலையத்தில் அடைக்கப்பட்டு அடிக்கப்படுகிறார்கள். சில நாட்களில் மூவரும் தப்பி ஓடிவிட்டதாகக் காவலர் கணக்கு எழுதுகிறார்கள். நிறைமாதமாக இருக்கும் அவன் மனைவி செங்கேணி நம்பவில்லை. ஓடியவன் தன்னைத் தேடி வராமல் இருக்கமாட்டான் என்பது அவள் வாதம். சட்டம் படித்தவர் எவரும் அதைவிட நல்ல வாதம் சொல்லிவிட முடியாது. வழக்கறிஞர் சந்துரு அவளுக்காக ஆட்கொணர்வு மனு தொடுக்கிறார். மூவரும் எங்கே என்னும் கேள்விதான் படத்தை இறுதிவரை இழுத்துச் செல்கிறது. நீதிமன்றப் படம் என்று பலர் வகைப்படுத்தினாலும், மர்மம் அவிழும் குற்றக் கதையின் கட்டுக்கோப்பு இதற்கு உண்டு.

ஆட்கொணர்வு மனு என்ற தொடரை மாணவர்க்கு ஒருமுறை சொல்லிக் கொடுத்தல் நன்று. சிறைப்பட்ட ஆளை நீதிமன்றத்தின் முன் கொணர்க என்று கேட்கும் மனு. இலத்தீனில் வழங்கும் ஹேபியஸ் கார்பஸ் என்ற பெயரைக் காட்டிலும் தமிழ்ப் பெயர் பொருளைத் தெளிவாகக் காட்டுகிறது. மலேசியாவிலும் இவ்வுரிமை அரசியலமைப்பின் 5ஆம் பிரிவிலேயே எழுதப்பட்டிருக்கிறது. சட்டத்துக்குப் புறம்பாக ஒருவர் அடைக்கப்பட்டிருக்கிறார் என முறையீடு வந்தால், உயர் நீதிமன்றம் விசாரித்தே ஆக வேண்டும்.

தமிழாசிரியர்க்கு இந்தக் கதை எங்கோ கேட்டதுபோல் தோன்றினால் வியப்பில்லை. காணாமற் போன அணி, விசாரணையின்றிக் கள்வன் எனப்பட்ட கணவன், நீதி கேட்டு அவை ஏறும் மனைவி. மதுரையில் கோவலன் மாண்டதும் இப்படித்தான். பொற்கொல்லன் சொன்னதைப் பாண்டியன் ஆராயவில்லை. சிலம்பு அவன் கையில் இருக்குமானால் கொன்று கொண்டு வருக என்ற பொருள்படும் ஓர் ஆணை அவன் வாயிலிருந்து வந்துவிட்டது. ‘இருக்குமானால்’ என்ற நிபந்தனை ஆணையிலேயே இருந்தது. காவலர் கைக்குப் போகும்போது அது எங்கோ உதிர்ந்துபோயிற்று. கண்ணகி வென்றதும் பேச்சு வன்மையால் மட்டுமன்று. என் சிலம்பின் பரல் மாணிக்கம், அரசியின் சிலம்பின் பரல் முத்து என்று சான்று காட்டி வென்றாள். இளங்கோவடிகள் சொல்லுக்கும் சான்றுக்கும் இடையே வைத்த இந்த நிறுவை ஞானவேலின் படத்திலும் இருக்கிறது. அவர் சிலப்பதிகாரத்தை நினைத்து எழுதினார் என்று நான் சொல்ல வரவில்லை. தமிழ் மண்ணில் களவுப் பழிக்கதை சொல்ல வருகிறவர் அந்தத் தடத்தை மிதிக்காமல் போவது கடினம்.

இனி அந்தக் காட்சி. காவல்துறைத் தலைமை அதிகாரிகளில் ஒருவரான பெருமாள்சாமி உண்மையைக் கண்டறிய நியமிக்கப்படுகிறார். பிரகாஷ்ராஜ் அப்பாத்திரம். நகை தொடர்பாக ஓர் அடகுக்கடைக்காரரை அவர் விசாரிக்கிறார். ஊரார் சேட்டு என்று அழைக்கும் வடவர் அவர். கேள்வி தமிழில் வருகிறது. விடை இந்தியில் வருகிறது. அதிகாரி ஓங்கி ஓர் அறை விடுகிறார். தமிழில் பேசு என்கிறார்.

காட்சி வெளிவந்த சில நாட்களுக்குள் வடபுலத்தில் பெருங்கூச்சல் எழுந்தது. இந்தி பேசியதற்காக ஒருவனை அடிப்பதா என்றனர். தமிழ்நாட்டில் பலர் இக்காட்சிக்குக் கை தட்டினர். பிரகாஷ்ராஜ் விளக்கம் தந்தார்: அந்த மனிதன் உள்ளூர் மொழி அறிந்தவன், விசாரணையிலிருந்து நழுவுவதற்காகவே இந்தியில் பேசுகிறான், அதிகாரி அதை அறிந்துகொண்டார், பழங்குடி மக்கள் பட்ட துன்பத்தைக் கண்டு வருந்தாதவர்களுக்கு அறை மட்டும் கண்ணில் பட்டது என்பது அவர் கூற்றின் சாரம்.

அவர் விளக்கத்தின் முற்பகுதி பொருள் பொதிந்தது. கதைக்குள் அக்காட்சியின் வேலை என்ன என்று அது காட்டிவிடுகிறது. படத்தின் தொடக்கத்தை நினைத்துப் பார்க்க வேண்டும். சிறை வாயிலில் விடுதலையாகி வருகிறவர்களை நிறுத்திச் சாதி கேட்கிறார்கள். சாதியைச் சொன்னதும் சிலர் வீட்டுக்கு அனுப்பப்படுகிறார்கள். சிலர் தனியே நிறுத்தப்பட்டு, முடியாமற் கிடக்கும் வழக்குகளுக்குப் பலியாகக் காவலரிடம் ஒப்படைக்கப்படுகிறார்கள். வாயிலிருந்து வரும் ஒரு சொல் ஒருவனைக் குடும்பத்தோடு சேர்க்கிறது. மற்றொருவனை இருட்டறைக்கு அனுப்புகிறது. அந்த எளியவர்கள் ஒரே மொழிதான் அறிவார்கள். கேட்ட கேள்விக்கு அம்மொழியில் உண்மையைச் சொல்கிறார்கள்; சொன்னதற்காகவே அடிபடுகிறார்கள். அடகுக்கடைக்காரர்க்கோ இரு மொழி உண்டு. ஒன்றில் கேள்வி வந்தால் மற்றொன்றுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்ளலாம். யாருக்கு ஒளிந்துகொள்ள மொழி இருக்கிறது, யாருக்கு இல்லை என்பதை வசனம் எழுதிச் சொல்லாமல் ஒரே நொடியில் படம் காட்டிவிடுகிறது. குற்றக் கதையில் கைரேகையும் காலடியும் தடயம் ஆவதுபோல, இங்கே ஒருவன் தேர்ந்துகொள்ளும் மொழி தடயமாகிறது.

ஆகவே தமிழில் பேசு என்ற சொல் கதைக்கு வேண்டிய சொல். அறை வேண்டியதா என்பது வேறு கேள்வி. வேண்டாதது என்பதே என் துணிபு. காவலில் உள்ளவனை அடிப்பது கொடுமை என்று ஒன்றரை மணி நேரமாக நெஞ்சு பதைக்கக் காட்டிய படம் இது. அதே படம், விசாரிக்கப்படும் ஒருவனை நல்ல அதிகாரி அடிக்கும்போது நம்மைக் கை தட்டச் சொல்கிறது. அடி வாங்குபவன் வட்டிக்கடைக்காரன், அடிப்பவன் நம் பக்கத்தவன் என்பதால் நாமும் தட்டிவிட்டோம். 1937இல் தொடங்கிய இந்தி எதிர்ப்பும், 1965இல் மாணவர் சிந்திய குருதியும் அந்தக் கைதட்டலுக்குப் பின்னால் இருக்கின்றன. அதை நான் மறுக்கவில்லை. ஆயினும் அப்போராட்டங்களில் நின்றவர்கள் அடி வாங்கியவர்கள், அடித்தவர்கள் அல்லர். தமிழுக்காக விழுந்த அறை என்று இதைப் பெருமைப்படுத்துவது தமிழ்ப்பற்றுக்கும் அழகன்று, படத்தின் உள்ளத்துக்கும் பொருந்தாது. ஒரு தாளை எடுத்துவைத்து, நீ சொல்வதை இவ்வூர் மொழியில் சொல், எழுதிக்கொள்கிறேன் என்று அதே பிரகாஷ்ராஜ் தம் கனத்த குரலில் மெல்லச் சொல்லியிருந்தால், அந்த மனிதன் இன்னும் மிகுதியாக நடுங்கியிருப்பான்.

மூலத்தில் உள்ள குறை இது. இந்தி வடிவம் இந்தக் குறையை என்ன செய்தது என்று பார்த்தால்தான் திடுக்கிட வேண்டியிருக்கிறது.

இந்தியில் எல்லோரும் இந்தி பேசுகிறார்கள். செங்கேணி, வழக்கறிஞர், நீதிபதி, அதிகாரி, அடகுக்கடைக்காரர் ஆகிய எல்லாருக்கும் ஒரே மொழி. தமிழில் பேசு என்று அங்கே சொல்ல வழியில்லை. சொன்னால் இந்திச் சுவைஞர் சினம் கொள்வர் என்ற அச்சமும் இருந்திருக்கும். எனவே வசனத்தை மாற்றினார்கள். அறை அப்படியே விழுகிறது. அதிகாரியின் வாய் மட்டும் உண்மையைச் சொல் என்கிறது.

மேலோட்டமாகப் பார்த்தால் நல்ல தீர்வு. மொழிச் சண்டை ஒழிந்தது, ஒருவர்க்கும் மனவருத்தமில்லை, உண்மையைச் சொல் என்பதில் யார் குற்றம் காண முடியும்? ஆனால் படத்தை முதலிலிருந்து பார்த்தவர் சற்று நின்று நினைக்கட்டும். உண்மையைச் சொல் என்று கேட்டுக் கேட்டு அடித்தவர்கள் யார்? ராசாக்கண்ணுவைக் கொன்ற காவலர்கள். நகை எங்கே, உண்மையைச் சொல் என்பதே அந்த அறையில் விழுந்த ஒவ்வோர் அடிக்கும் காரணம். அடித்தால் உண்மை வரும் என்ற நம்பிக்கைதான் படம் வழக்கு மன்றத்தில் ஏற்றி நிறுத்தும் குற்றவாளி. இந்தி வடிவத்தில் அந்த நம்பிக்கையையே நல்ல அதிகாரி கைக்கொண்டுவிடுகிறார். கையை ஓங்கி, உண்மையைச் சொல் என்கிறார். உண்மையும் வந்துவிடுகிறது! அடி பலித்தது என்றாகிறது. உதவி ஆய்வாளர் குருமூர்த்தி நீதிமன்றத்தில் தம் பக்கம் சொல்லத் தேடிய வாதத்தை மொழிமாற்றாளர் எழுதிக் கொடுத்துவிட்டார்.

தமிழில் அந்த அறைக்கு, தவறானதேனும், வேறு காரணம் இருந்தது: மறைந்துகொள்ளாதே, எல்லோருக்கும் விளங்கும்படி பேசு என்பது. இந்தியில் அக்காரணம் நீங்கியது. வன்முறை மட்டும் தங்கியது. ஒரு சாராரின் மனம் நோகக் கூடாது என்று மாற்றிய சொல், படத்தின் அறத்தையே நோகச் செய்துவிட்டது. மொழிபெயர்ப்பில் பிழை என்றால் அகராதிப் பொருள் தவறுவது என்று நாம் நினைக்கிறோம். இங்கே பெயர்த்த சொல் தனியே நின்றால் குற்றமற்றது. அதைச் சேர்த்து வைத்த இடத்தில்தான் நஞ்சு.

தெலுங்கு வடிவத்தில் இந்தச் சங்கடமே எழவில்லை. தெலுங்கில் பேசு என்று அதிகாரி சொல்கிறார். அடகுக்கடைக்காரர் அங்கும் இந்திக்காரர்தாம். எனவே காட்சி சேதமின்றி ஆறு கடந்துவிடுகிறது. இந்தியில் மட்டும் என்ன செய்திருக்க முடியும் என்று ஒருவர் கேட்கலாம். குறை சொல்பவன் வழியும் சொல்ல வேண்டும் அல்லவா? அடகுக்கடைக்காரரை இந்தி வடிவத்தில் மார்வாரியில் பேசவிட்டிருக்கலாம். கேள்வி இந்தியில் வர, விடை மார்வாரியில் வர, இங்கே எல்லோருக்கும் விளங்கும் மொழியில் பேசு என்று அதிகாரி சொன்னால் காட்சியின் கருத்து ஏறக்குறைய முழுதாக நின்றிருக்கும். இந்தி பேசுவோருக்குள்ளும் மொழிகள் பல உண்டு என்பதை அவர்களே உணர்ந்து சிரித்திருக்கவும் கூடும். அவ்வளவு மெனக்கெட நேரமோ மனமோ இல்லை போலும். மொழிமாற்றுத் தொழிலில் உதடு அசையும் அளவுக்குச் சொல் பொருந்தினால் போதும் என்ற எண்ணம் இன்னும் வலுவாகவே இருக்கிறது. நடிகர் வாய் திறந்திருக்கும் நேரத்தில் ஒலி முடிய வேண்டும். உதடு குவியும் இடத்தில் குவியும் எழுத்து விழ வேண்டும். இது எளிய வேலை அன்று. ஆயினும் வாய்க்குப் பொருத்தம் பார்ப்பவர் கதைக்கும் பொருத்தம் பார்க்க வேண்டாமா?

இச்சிக்கல் புதிதும் அன்று. மணிரத்னத்தின் ‘நாயகன்’ 1987இல் வந்தது. தூத்துக்குடிச் சிறுவன் ஒருவன் பம்பாய்க்கு ஓடிப்போய், தாராவியில் வளர்ந்து, நிழலுலகத் தலைவனாகி முதுமை எய்தும் வரை பல பத்தாண்டுகளை அடக்கிய குற்றக் கதை அது. வேலு நாயகர் பம்பாயில் வாழ்ந்தும் தமிழிலேயே பேசுவார். டெல்லி கணேஷ் நடித்த ஐயர் அவருக்கு இந்தி மொழிபெயர்ப்பாளர். கோடி உயிர் அஞ்சும் மனிதருக்கு, ஊர் மொழி பேச மற்றொருவர் துணை வேண்டும். அந்தத் துணையில்தான் அவர் அயலார் என்பதும் இருக்கிறது, பணிய மறுப்பவர் என்பதும் இருக்கிறது. இப்படத்தை 1988இல் ‘தயாவான்’ என்று இந்தியில் மறுபடியும் எடுத்தார் பெரோஸ் கான். வினோத் கன்னா நடித்தார். மூலப் படமே இந்திக்குக் குரல் மாறியும் சென்றது. எல்லோரும் இந்தி பேசும் பம்பாயில் ஐயருக்கு என்ன வேலை? இந்தியிலிருந்து இந்திக்கு மொழிபெயர்க்கும் அலுவலர் உலகில் அவர் ஒருவராகத்தான் இருப்பார்.

1992இல் வந்த ‘ரோஜா’வும் அப்படியே. தென்பாண்டிச் சிற்றூர்ப் பெண் காசுமீரத்தில் கணவனைப் பறிகொடுத்து நிற்கிறாள். யாரிடமும் பேச மொழி இல்லை. தமிழ் அறிந்த ஒரு சோதிடரைப் பிடித்துக்கொண்டு படைவீட்டுக்கும் கோட்டைக்கும் அலைகிறாள். அவள் தனிமைக்கு மலையும் பனியும் பாதிக் காரணம் என்றால், மொழி மறு பாதி. இந்தியில் கேட்கும்போது மலையும் பனியும் எஞ்சுகின்றன. பிற மொழிகளுக்குப் போகும்போது தமிழ்ப் படங்கள் இசையையும் சண்டையையும் இழப்பதில்லை. மொழி பற்றிய செய்தி இருந்தால் அதை இழந்துவிடுகின்றன. குறிப்பாக இந்திக்குப் போகும்போது.

பினாங்கில் இருப்போருக்கு இந்த இழப்பு எளிதில் விளங்கும். காலையில் அங்காடியில் ஹொக்கியன், அலுவலகத்தில் மலாய், வங்கியில் ஆங்கிலம், வீட்டில் தமிழ் என்று ஒரு நாளில் நான்கு முறை நாக்கை மாற்றிக்கொள்பவர்கள் நாம். யாரிடம் எந்த மொழியில் தொடங்குகிறோம் என்பதிலேயே மதிப்பும் அச்சமும் நெருக்கமும் அடங்கியிருப்பதை ஆறு வயதுப் பிள்ளையும் அறியும். கிட்டங்கித் தெருவில் நகரத்தார் வட்டித்தொழில் செய்த காலத்தில், கணக்குப் புத்தகம் தமிழிலும் கடன் வாங்குபவர் மொழி வேறாகவும் இருந்தது. எழுதப்பட்டிருப்பதைப் படிக்க இயலாதவனின் நிலை என்ன என்று அந்தத் தெரு கண்டிருக்கும். நீதிமன்றத்தில் தமிழருக்காக மொழிபெயர்ப்பாளர் ஒருவர் எழுந்து நிற்பதும் நமக்குப் பழகிய காட்சி. குற்றம் சாட்டப்பட்டவன் சொன்னது ஒன்று, பதிவானது ஒன்று ஆகிவிடக் கூடாதே என்ற கவலை அந்தக் காட்சிக்குள் இருக்கிறது. வேற்று மொழிப் படங்களையும் நாம் பெரும்பாலும் குரல் மாற்றிக் கேட்பதில்லை. மூலக் குரலைக் கேட்டுக்கொண்டே அடியில் ஓடும் மலாய் வரிகளைப் படிக்கிறோம். இந்திப் படத்தை இந்தியாகவே கேட்டு உருகிய மலாய்க்காரரும் தமிழரும் இத்தீவில் எத்தனை பேர்! வரி பிழைத்தாலும் குரல் பிழைக்காது என்பது அம்முறையின் நலம். அடகுக்கடைக்காரர் வேறு மொழியில் பேசுகிறார் என்பதை மலாய் வரி சொல்லாவிட்டாலும் காது சொல்லிவிடும்.

நம் நாட்டிலும் குற்றப் படத்தில் கை வைத்த கதை ஒன்று உண்டு. மலேசியாவிலேயே நடப்பதாக எடுக்கப்பட்ட பா. ரஞ்சித்தின் ‘கபாலி’ 2016இல் இங்கே தமிழிலும் மலாய்க் குரலிலும் வந்தது, இந்தியிலும் வெளியாயிற்று. இயக்குநர் இறுதியில் துப்பாக்கி ஒலியோடு முடிவைத் திறந்து விட்டிருந்தார். இங்கே காட்டப்பட்ட வடிவத்திலோ கபாலி காவல்துறையிடம் சரணடைந்தான் என்ற பொருளில் ஓர் எழுத்து வரி சேர்க்கப்பட்டது. சட்டம் வென்றது என்று காட்டும் விருப்பம். ஒரு வரிதானே என்று தோன்றும். அந்த ஒரு வரியால் படத்தின் கடைசிக் கேள்வி விடை பெற்றுவிட்டது. எழுதியவர் கேட்க விரும்பிய கேள்வி அதுவாக இருந்தும். மொழிமாற்றமும் தணிக்கையும் வேறு வேறு தொழில்கள் என்றாலும், சில இடங்களில் அண்ணன் தம்பிபோல் நடந்துகொள்கின்றன.

‘ஜெய் பீம்’ இங்கே வெறும் அயல்நாட்டுக் கதையாகப் பார்க்கப்படவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். காவலில் நேரும் சாவுகள் மலேசியத் தமிழரின் நெஞ்சில் முள்ளாக இருப்பவை. காவல்துறை பற்றி ஆராய்ந்த அரச ஆணையம் 2005இல் அறிக்கை தந்தபோது, முறையீடுகளை விசாரிக்கத் தனித்த சுதந்திர ஆணையம் வேண்டும் என்று பரிந்துரைத்தது. அதைப் பற்றிய வாதங்கள் அதற்குப் பின் பல ஆண்டுகள் நீண்டன. அந்த நினைவோடு படம் பார்க்கும் ஒருவருக்கு, அடித்தால் உண்மை வரும் என்று ஒரு வடிவம் தற்செயலாகச் சொல்லிவிடுவது சிறு பிழையாகத் தோன்றாது. இந்தி பேசும் மாநிலங்களிலும் காவல் நிலையங்கள் இருக்கின்றன. அங்கும் செங்கேணிகள் இருக்கிறார்கள். அவர்களுக்குப் போய்ச் சேர்ந்த வடிவம் அது.

எனினும் இந்தி வடிவத்தை வீண் என்று ஒதுக்க என் மனம் ஒப்பவில்லை. தமிழ்நாட்டுச் சிற்றூர் ஒன்றின் ஏழைப் பெண்ணுக்காக, அவள் பெயரைக்கூடச் சரியாக ஒலிக்க அறியாத எத்தனையோ பேர் கண்ணீர் விட்டிருக்கிறார்கள். படத்தின் பெயருக்கு மொழிமாற்றமே தேவைப்படவில்லை என்பதும் கருதத் தக்கது. அம்பேத்கர் வழி நிற்போர் மகாராட்டிரத்தில் ஒருவரையொருவர் வாழ்த்திக்கொள்ள வழங்கிய தொடர் அது. தமிழ்ப் படம் ஒன்று வடக்கிலிருந்து ஒரு வாழ்த்தைப் பெயராகப் பெற்று, அதே பெயரோடு வடக்கே திரும்பிற்று. உள்ளே ஒருவரும் அந்த வாழ்த்தை முழங்கிப் பேசுவதில்லை. பெயரிலேயே வைத்துவிட்டுக் கதையைத் தன் போக்கில் விட்டது இயக்குநரின் அடக்கம். அந்த அடக்கத்தை அறைக் காட்சியிலும் காட்டியிருக்கலாமே என்ற ஏக்கம் மீண்டும் எழுகிறது.

இரு வடிவங்களையும் வகுப்பில் ஒப்பிட்டுக் காட்ட விரும்பும் ஆசிரியர்கள் அறைக் காட்சியோடு நின்றுவிட வேண்டாம். வேறொரு காட்சியையும் சேர்த்துப் போடுங்கள். காவலர் செங்கேணியை நிலையத்துக்கு இழுத்து வந்திருக்கிறார்கள். மேலிடத்திலிருந்து ஆணை வருகிறது: உடனே அவளை விட்டுவிடுங்கள், வீட்டிலேயே கொண்டுபோய்ச் சேருங்கள் என்று. சற்று முன் அதட்டியவர்கள் இப்போது வண்டியில் ஏறிக்கொள் என்று கெஞ்சுகிறார்கள். அவள் ஏறவில்லை. வயிற்றில் பிள்ளையோடு, உடன் வந்த மகளோடு, ஊர்ச்சாலையில் நடக்கிறாள். காவல் வண்டி அவளுக்குப் பின்னால் மெல்ல ஊர்ந்து வருகிறது. ஊரார் பார்க்கிறார்கள். லிஜோமோள் ஜோஸ் கேரளத்து நடிகை; அந்த நடையில் அதை யாரும் கண்டுபிடிக்க முடியாது. காவலர் கெஞ்சுவது தமிழ் வடிவத்தில் தமிழிலும் இந்தி வடிவத்தில் இந்தியிலும் கேட்கிறது. அவள் இரண்டிலும் ஒரு சொல்லும் விடை சொல்லாமல் வீடு வரை நடந்து போகிறாள்.